பத்துக்குப் பதினாலு ஹாலில் 5.1!

சிங்காநல்லூர் என்றதும் உங்களுக்கு எது ஞாபகம் வருகிறது? குளமா? மதுரை, திருச்சி பஸ்ஸுக்கு ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு இடம் பிடிக்கும் பஸ் ஸ்டாண்டா? இரண்டும் சரிதான். மூன்றாவதாக ஒன்று இருக்கிறது... சத்தம்!

ஒரு காலத்தில் தமிழ் சினிமாவின் சத்தத்தில் ஒரு நல்ல பங்கு இங்கேதான் தயாரானது. 1930-களில் இங்கே எழுந்த சென்ட்ரல் ஸ்டூடியோவில்தான் பாகவதரின் 'ஹரிதாஸ்' (1944) உருவானது. எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகன் ஆன 'ராஜகுமாரி' (1947) படமும் இங்கேதான். அதன் வசனத்துக்காக வந்த மு.கருணாநிதி என்கிற இளைஞர், சிங்காநல்லூரில்தான் வாடகைக்குக் குடியிருந்தார்.

அந்தப் படங்களுக்கெல்லாம் ஒரே ஒரு ஒலித்தடம். தியேட்டரில் திரைக்குப் பின்னாலிருந்து வரும். பாகவதர் பாடினாலும் அங்கிருந்துதான், இடி இடித்தாலும் அங்கிருந்துதான். அதை வைத்துக்கொண்டே 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி பார்த்துவிட்டது!

இன்று அதே ஊரில் ஹாலைச் சுற்றி ஐந்து ஸ்பீக்கர், மூலையில் ஒரு சப்-வூஃபர் என்று கொலு வைத்துவிட்டு, ''ஏனுங்க, இப்ப ஹீரோ என்ன சொன்னான்?'' என்று பக்கத்தில் இருப்பவரைக் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

இந்த ரகசியத்தைத் துப்பறிய ஒரு சந்தர்ப்பம் கிடைத்தது. நண்பர் ஒருவர், பம்ப்செட் கம்பெனியில் அக்கவுன்ட்ஸ் பார்ப்பவர், ஒரு சனிக்கிழமை மத்தியானம் வண்டியை வாசலில் நிறுத்தினார். ''ஹோம் தியேட்டர் வாங்கோணும். நீங்களும் வாங்க.''

''நான் படிச்சது பி.காம்.ங்க. டெபிட், கிரெடிட் தெரியும். டெசிபல் தெரியாதே!''

''பரவால்லீங்க. பேரம் பேச ஒரு ஆள் வேணுமில்ல?''

போகிற வழியில் வீட்டு நிலவரம் சொன்னார். ஹால் பத்துக்குப் பதினாலு. நீளவாட்டத்தில் ஒரு பக்கம் டி.வி., எதிர்ச் சுவரை ஒட்டி சோபா. குடும்பத்தில் கட்சிகள் மூன்று. நண்பருக்குத் தரை அதிர வேண்டும். அவர் மனைவிக்கு ஒரு ஒயர்கூடக் கண்ணில் படக்கூடாது. மூன்றாவது கட்சி, அப்பா. ஒரு ஸ்பின்னிங் மில்லில் ரிங் ஃபிரேமுக்கு நடுவே முப்பத்து மூன்று வருஷம் நின்று ரிட்டயர் ஆனவர். அவருடைய கோரிக்கை ஒற்றை வரி: ''பேசறது வெளங்கமாட்டீங்குது கண்ணு. பாட்டு மட்டும் காதைப் பொளக்குது.''

ராத்திரி ஏழு மணி ஆனால் அந்த வீட்டில் இதே சண்டை. பெரியவர் சத்தத்தை ஏற்றுவார். பாட்டு வந்ததும் மருமகள் இறக்குவார். வசனம் வந்ததும் பெரியவர் மறுபடி ரிமோட்டைத் தேடுவார். இரண்டு மாதமாக அவர் ஹால் பக்கமே வருவதில்லை. திண்ணையில் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். நண்பர் இதைச் சாதாரணமாகத்தான் சொன்னார். ஆனால் சிக்னலில் நின்றபோது இன்னொரு தரம் சொன்னார்.

காந்திபுரத்தில் ஒரு கடை. கடைப் பையன் எங்களைப் பார்த்ததும் ஒரு பெட்டியைத் தட்டிக் காட்டினான். ''சார், இது பத்தாயிரம் வாட்ஸ் பி.எம்.பி.ஓ.ங்க சார்!''

பத்தாயிரம் வாட்ஸ்! ஒரு ஹெச்.பி. என்பது 746 வாட்ஸ் என்பது கோயமுத்தூரில் பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரியும். வகுத்துப் பாருங்கள், பதிமூன்று ஹெச்.பி.க்கு மேலே வருகிறது! தோட்டத்துப் போர்வெல்லில் இறக்க வேண்டிய சாமானை ஷோகேஸில் வைக்கச் சொல்கிறான். வீட்டு மின்சாரம் 230 வோல்ட். பத்தாயிரம் வாட்ஸ் வேண்டுமென்றால் 43 ஆம்பியர் இழுக்க வேண்டும். பெட்டியின் வாலில் தொங்கிய ப்ளக்கோ 6 ஆம்பியர். அதிகபட்சம் 1,380 வாட்ஸ்தான் அதற்குள் நுழையும். மீதி எங்கிருந்து வருகிறது? அட்டைப் பெட்டியை அச்சடித்த பிரஸ்ஸிலிருந்து!

பி.எம்.பி.ஓ. என்பது ஒரு கண்சிமிட்டும் நேரத்துக்கு எல்லா ஸ்பீக்கரையும் கூட்டிப் பெருக்கி எழுதும் கற்பனைக் கணக்கு. எந்த ஆடிட்டரும் கையெழுத்துப் போடமாட்டார். நீங்கள் கேட்க வேண்டியது ஆர்.எம்.எஸ்., அதாவது தொடர்ந்து தாங்கும் சக்தி. ஒரு ஸ்பீக்கருக்கு எத்தனை வாட்ஸ் ஆர்.எம்.எஸ். என்று கேளுங்கள். கடைக்காரர் முகம் மாறினால், அடுத்த கடை.

வாட்ஸ் இரண்டு மடங்கானால் சத்தமும் இரண்டு மடங்கு என்று நினைத்துவிடாதீர்கள். கூடுவது 3 டெசிபல்தான். காதுக்குச் சற்று வித்தியாசம் தெரியும், அவ்வளவே. சத்தம் இரண்டு மடங்காகக் கேட்க வேண்டுமானால் சக்தி சுமார் பத்து மடங்காக வேண்டும். சாதாரண ஸ்பீக்கருக்கு 1 வாட் கொடுத்தால் 1 மீட்டர் தூரத்தில் 85 முதல் 88 டெசிபல் வரை கேட்கும். பத்துக்குப் பதினாலு ஹாலில் நாம் சாதாரணமாகப் படம் பார்க்கும்போது செலவாவது ஓரிரு வாட்ஸ்தான். மிச்சமெல்லாம் குண்டு வெடிக்கும் அரை நொடிக்கான சேமிப்பு.

சரி, 5.1 என்றால் என்ன? முன்னால் இடது, வலது. நடுவில் சென்டர். பக்கவாட்டில் சரவுண்ட் இரண்டு. ஆக ஐந்து. புள்ளி ஒன்று என்பது 120 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள உறுமலுக்கு மட்டும் தனித்தடம். முழு நீளத் தடம் இல்லாததால் அதற்குப் புள்ளி மரியாதை! 1992-ல் 'பேட்மேன் ரிட்டர்ன்ஸ்' டால்பி டிஜிட்டலில் வந்தது. 1993-ல் 'ஜுராசிக் பார்க்' டி.டி.எஸ்.ஸில் வந்தது. தமிழில் 1996-ல் 'கருப்பு ரோஜா' டி.டி.எஸ். என்று போஸ்டர் ஒட்டியபோது, கதையை விட்டுவிட்டு முதுகுக்குப் பின்னால் வரும் சத்தத்தைக் கேட்கப் போனவர்கள் உண்டு.

அந்த மயக்கம் இன்னும் தெளியவில்லை. அதனால்தான் பெரிய ஏமாற்று இங்கே நடக்கிறது. ஐந்து ஸ்பீக்கர், ஒரு வூஃபர் இருந்தால் 5.1 என்று பெட்டியில் போட்டுவிடுகிறார்கள். பின்பக்கம் திருப்பிப் பாருங்கள். உள்ளே வர வழி சிவப்பு, வெள்ளை ஆக்ஸ் பின் இரண்டும் ப்ளூடூத்தும் மட்டும் இருந்தால், வருவது இரண்டு தடம்தான். அதையே நகல் எடுத்து ஐந்து பேருக்கும் பங்கு போட்டுக் கொடுக்கிறது அந்தப் பெட்டி. நிஜமான 5.1 வேண்டுமானால் ஹெச்.டி.எம்.ஐ. ஏ.ஆர்.சி. அல்லது ஆப்டிகல் வழி இருக்க வேண்டும், உள்ளே டால்பி டிஜிட்டலைப் பிரித்தெடுக்கும் டீகோடரும் வேண்டும்.

சோதிக்க ஒரு சுலப வழி. கடையிலேயே 5.1 ஒலியுள்ள ஒரு படத்தை ஓடவிட்டு, பின் ஸ்பீக்கரில் காதை வையுங்கள். மழை, கூட்டம், காற்று என்று லேசாகக் கேட்டால் நிஜம். ஹீரோ அங்கேயும் வந்து பஞ்ச் டயலாக் பேசினால் பெரும்பாலும் போலி!

கடைப் பையனின் பத்தாயிரம் வாட்ஸ் பெட்டியில் நண்பர் காதை வைத்தார். பின்னால் ஹீரோ, முன்னால் ஹீரோ, நடுவில் ஹீரோ. மும்முனைத் தாக்குதல். ''கெளம்பலாமுங்க'' என்றார்.

மிச்சமிருப்பது மூன்று வழிகள்.

முதலாவது சவுண்ட்பார். டி.வி.க்குக் கீழே நீளமாக ஒன்று, கூடவே ஒரு வூஃபர், பின்னால் வைக்க இரண்டு குட்டி ஸ்பீக்கர். வேலை சுலபம், மனைவி கட்சி ஓட்டு நிச்சயம். பாருக்குள்ளேயே சென்டருக்குத் தனி ஸ்பீக்கர் உண்டா என்று மட்டும் பார்த்து வாங்குங்கள். 'வர்ச்சுவல் சரவுண்ட்' என்று போட்டிருந்தால் பின்னால் ஸ்பீக்கர் இருக்காது, பாவனை மட்டும்தான் இருக்கும்.

இரண்டாவது, ஏ.வி. ரிசீவர் ஒன்று, அதனோடு தனித்தனி ஸ்பீக்கர்கள். செலவு கூடும். ஆனால் இன்றைக்கு ஸ்பீக்கர், அடுத்த போனஸுக்கு வூஃபர் என்று தவணை முறையில் குடும்பத்தைப் பெருக்கலாம். ஒன்று கெட்டால் ஒன்றை மட்டும் மாற்றலாம்.

மூன்றாவது, நம்ம ஊர் அசெம்பிள்டு செட். 4440 ஐ.சி. போர்டில் ஆம்ப்ளிஃபயர் செய்து கோயில் நோன்பிக்கு வாடகைக்கு விட்ட பரம்பரை அது. அந்த ஐ.சி.யின் நிஜ சக்தி பக்கத்துக்கு 6 வாட்ஸ், இரண்டையும் சேர்த்துக் கட்டினால் 19 வாட்ஸ். அதிலேயே தெருவைத் தூக்கினார்கள்! இன்றைக்கு அவர்கள் டால்பி டீகோடர் போர்டும் வைத்துத் தருகிறார்கள். ரிப்பேர் என்றால் கூப்பிடு தூரத்தில் ஆள் உண்டு. ஆனால் ஏ.ஆர்.சி. வேலை செய்கிறதா என்று உங்கள் டி.வி.யோடு இணைத்துக் காட்டிய பிறகே காசு கொடுங்கள்.

'காம்பாக்ட்' என்ற வார்த்தையில் ஒரு கண்ணி இருக்கிறது. உள்ளங்கை அளவு ஸ்பீக்கர் அழகாகத்தான் இருக்கும். ஆனால் இரண்டரை, மூன்று அங்குலக் கூம்பால் ஆழமான ஒலியைத் தள்ள முடியாது. அதனால் 150, 200 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதையெல்லாம் வூஃபருக்கு அனுப்பிவிடுவார்கள். ஆண் குரலின் அடிநாதமே சுமார் 85 முதல் 180 ஹெர்ட்ஸ். வூஃபரை வாசல் பக்கம் வைத்தீர்களானால், ஹீரோவின் வாய் டி.வி.யில் இருக்கும், தொண்டை செருப்பு ஸ்டாண்ட் பக்கத்தில் இருக்கும்! சுமார் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே ஒலி எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று காதுக்குப் பிடிபடாது. ஆகவே, நான்கு அங்குல வூஃபராவது உள்ள ஸ்பீக்கராகப் பார்த்து வாங்கி, பிரிக்கும் இடத்தை 80-லிருந்து 120-க்குள் வைத்தால் குரல் குரலாக இருக்கும்.

இப்போது பெரியவர் விஷயத்துக்கு வருவோம். இரைச்சலில் வருஷக்கணக்காக வேலை பார்த்தவர்களுக்குக் காது முழுசாகப் போய்விடுவதில்லை. முதலில் அடிபடுவது 4,000 ஹெர்ட்ஸ் பக்கம். க, ச, த, ப போன்ற மெய்யெழுத்து ஒலிகளைத் தெளிவாகப் பிரித்துக் காட்டுவது இந்த மேல் வரிசை ஒலிகள்தான். அ, ஆ, ஓ எல்லாம் கீழே இருக்கின்றன. அதனால் அவருக்குச் சத்தம் கேட்கும், சொல் கேட்காது. சத்தத்தைக் கூட்டினால் ஆ-வும் ஓ-வும்தான் பெரிசாகும். 'காது கேக்கலைன்னா எச்சா வெச்சுக்கட்டும்' என்று நாம் எரிச்சல்படுவது எத்தனை அநியாயம் பாருங்கள். இந்தியத் தொழிற்சாலை விதிகளில் எட்டு மணி நேரத்துக்கு வைத்த உச்சவரம்பே 90 டெசிபல். அந்த மில் சத்தத்தில் வந்த சம்பளத்தில்தான் நண்பரும் பி.காம். படித்தார்.

போதாக்குறைக்கு, ஒல்லி டி.வி.களில் ஸ்பீக்கர் கீழே பார்த்தோ பின்னால் பார்த்தோ இருக்கிறது. வசனம் முதலில் சுவரோடு பேசிவிட்டு, அப்புறம்தான் நம்மிடம் வருகிறது.

இதற்கு மருந்து சென்டர் ஸ்பீக்கர். 5.1 படத்தில் வசனத்தில் பெரும்பகுதி அதில்தான் வருகிறது. பாட்டையும் குண்டுவெடிப்பையும் தொடாமல் அதை மட்டும் 3, 4 டெசிபல் ஏற்றலாம். ஆனால் கடையில் யாரும் அதைப் பற்றிப் பேசுவதில்லை. வூஃபரைத்தான் உறுமவிட்டுக் காட்டுகிறார்கள். பெண் பார்க்கப் போன இடத்தில் கல்யாண மண்டபத்தைக் காட்டுகிற மாதிரி!

நான் பேப்பரில் வரவு செலவு போட்டேன். 12 அங்குல வூஃபரை 8 அங்குலமாக்கு. மிச்சமாகும் பணத்தைச் சென்டர் கணக்கில் வரவு வை. நண்பருக்கு வருத்தம்தான். ''தரை அதிராதுங்களா?'' என்றார். ''உங்க அப்பா திண்ணையிலிருந்து எந்திரிச்சு வருவார்'' என்றேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு பர்ஸை எடுத்தார்.

வாங்கியது இதுதான்: ஆரம்ப நிலை ரிசீவர் ஒன்று. ஒரே மாதிரியான நாலு சின்ன ஸ்பீக்கர். இரண்டு நாலு அங்குல வூஃபருக்கு நடுவே ட்வீட்டர் வைத்த சென்டர் ஒன்று. 8 அங்குல சப்-வூஃபர். சென்டரும் முன்னிரண்டும் ஒரே கம்பெனி, ஒரே வரிசை. இல்லாவிட்டால் கார் இடமிருந்து வலம் போகும்போது நடுவில் வேறு கார் ஆகிவிடும்.

ஞாயிற்றுக்கிழமை பொருத்தினோம். முன் ஸ்பீக்கர் இரண்டும் நாம் உட்காரும் இடத்திலிருந்து நேர்க்கோட்டுக்கு இருபுறமும் 22 முதல் 30 டிகிரி. சரவுண்ட் இரண்டும் 110 டிகிரி பக்கம், அதாவது தோளுக்குச் சற்றுப் பின்னால், காதுக்கு மேலே ஒன்று இரண்டு அடி உயரத்தில். சோபா சுவரை ஒட்டியிருந்ததால் ஓர் அடி முன்னால் நகர்த்தினோம். 7.1 வேண்டுமென்று சொல்பவர்கள் முதலில் பின்னால் இடம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். சென்டரை டி.வி.க்கு அடியில் வைத்து, முகத்தை நம் காதைப் பார்த்து நிமிர்த்தினோம். ஒயரில் பிளஸ், மைனஸ் மாறினால் இரண்டு ஸ்பீக்கரும் ஒன்றையொன்று இழுத்துப் பிடித்து பாஸைத் தின்றுவிடும். அதையும் சரிபார்த்தோம்.

தரை டைல்ஸ், சுவர் மொழுமொழு. கை தட்டினால் திருப்பித் தட்டியது. அண்ணியார் அலமாரியிலிருந்து கனமான பவானி ஜமக்காளத்தை எடுத்து விரித்தார், ஜன்னலுக்குத் திரை போட்டார். எதிரொலியில் பாதி அடங்கியது. வசனம் புரியாததற்கு எதிரொலியும் ஒரு காரணம், இதற்குச் செலவு பூஜ்யம்.

வூஃபருக்கு இடம் பார்ப்பதுதான் தமாஷ். 14 அடி நீளத்துக்கு 40 ஹெர்ட்ஸ், 10 அடி அகலத்துக்கு 56 ஹெர்ட்ஸ் பக்கம் ஒலியலை சுவருக்குச் சுவர் மோதி நின்றுவிடும். ஓர் இடத்தில் கும்மென்று அடிக்கும், இரண்டடி தள்ளினால் காணாமல் போகும். பத்துக்குப் பத்து சதுர அறை என்றால் இரண்டும் ஒரே இடத்தில் விழுந்து இன்னும் மோசம். வழி என்ன? வூஃபரைத் தூக்கி சோபாவில், நீங்கள் உட்காரும் இடத்தில் வையுங்கள். பாஸ் பாட்டை ஓடவிட்டு, நீங்கள் சுவரோரமாகத் தவழுங்கள். எங்கே சமச்சீராகக் கேட்கிறதோ, அங்கே வூஃபரை இறக்குங்கள். நாற்பது வயசு நண்பர் தவழ்ந்துகொண்டிருந்தபோது பக்கத்து வீட்டுப் பாட்டி எட்டிப் பார்த்து, ''காசு ஏதாச்சும் தொலைஞ்சு போச்சுங்களா?'' என்றது. ''தொலைஞ்சுதாங்க போச்சு!'' என்றார் அண்ணியார், சமையலறையிலிருந்து.

கடைசியாக ரிசீவரோடு வந்த மைக்கை சோபாவில் காது உயரத்தில் வைத்து, தானியங்கி அளவு எடுத்தோம். அப்புறம் சென்டரை மட்டும் கையால் 3 டெசிபல் ஏற்றினோம்.

பெரியவரைக் கூப்பிட்டு ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படத்தைப் போட்டோம். ஒற்றைத் தடப் படம்தான். ரிசீவரில் டால்பி சரவுண்ட் முறையில் வைத்தால் அந்தக் குரல் சென்டருக்கே போய் உட்கார்ந்துகொள்கிறது. அந்தக் காலத்து தியேட்டரில் திரைக்குப் பின்னாலிருந்து வந்த மாதிரியே. பெரியவர் பேசாமல் கேட்டார். பத்து நிமிஷம் கழித்துத் திரும்பினார். ''கண்ணு, சத்தத்தைச் சித்தே கொறை. எச்சா இருக்குது.''

அந்த வீட்டில் அவர் சத்தத்தைக் குறைக்கச் சொன்னது எத்தனை வருஷத்துக்குப் பிறகு என்று நண்பர் விரல் விட்டு எண்ணினார். விரல் போதவில்லை.

ஒன்று சொல்ல வேண்டும். ஸ்பீக்கர் காது மெஷின் ஆகாது. வீட்டில் பெரியவர்கள் இப்படிச் சொன்னால் காது டாக்டரிடம் அழைத்துப் போய் ஆடியோகிராம் எடுத்துவிடுங்கள். நண்பரும் அடுத்த வாரமே அழைத்துப் போனார். தொழிலாளர் சட்டத்தின் அட்டவணையிலேயே இரைச்சலால் வரும் காது பாதிப்பைத் தொழில்நோயாகச் சேர்த்திருக்கிறார்கள். இன்னும் வேலையில் இருப்பவர்கள் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

கடைக்குக் கிளம்புமுன் சட்டைப் பையில் வைத்துக்கொள்ள ஒரு சீட்டு:

ஹால் அளவை அடி டேப்பால் எடுங்கள், கண்ணால் எடுக்காதீர்கள்.

உங்கள் டி.வி.யில் ஹெச்.டி.எம்.ஐ. ஏ.ஆர்.சி. எந்தத் துளை என்று பார்த்துவிட்டுப் போங்கள். சாதாரண ஏ.ஆர்.சி.யிலேயே ஓ.டி.டி. படங்களின் டால்பி டிஜிட்டல் பிளஸ் போகும். இ.ஏ.ஆர்.சி. வேண்டியது பெரும்பாலும் ப்ளூ-ரே ரசிகர்களுக்கு.

ஆர்.எம்.எஸ். கேளுங்கள். பி.எம்.பி.ஓ. என்றால் சிரித்துவிட்டு நகருங்கள்.

சென்டரைத் தனியாக ஏற்றி இறக்க முடியுமா என்று ரிமோட்டில் செய்து காட்டச் சொல்லுங்கள்.

புது வீடு கட்டுகிறீர்களா? பூசுவதற்கு முன்பே சரவுண்ட் ஒயருக்குக் காலி பைப் போடச் சொல்லிவிடுங்கள். அப்புறம் சுவரைக் கொத்தினால் ஆகும் செலவில் இன்னொரு வூஃபர் வாங்கலாம்.

ராத்திரி பத்து மணிக்கு மேல் 'நைட் மோட்' போடுங்கள். பெரிய சத்தம் அடங்கி, சின்னப் பேச்சு மேலே வரும். 2000-ம் வருஷத்து ஒலி மாசு விதிகள் குடியிருப்புப் பகுதிக்கு ராத்திரியில் அனுமதிப்பது 45 டெசிபல். பாஸ் சுவரைத் தாண்டிப் போகும். பக்கத்து வீட்டுக்காரர் டிக்கெட் எடுக்கவில்லை. அவரைப் படம் பார்க்க வைப்பது நியாயமும் இல்லை. அப்படியே வைத்தாலும் வசனமாவது கேட்கிறதா அவருக்கு? வெறும் 'தொம் தொம்'தானே!